மாத நாவல்களை ஆய்வுக்கு எடுத்தால் எங்கிருந்து தொடங்குவது?

நொய்யல் மாணவி:
எல்லோருக்கும் வணக்கம். கோவையில் பகுதி நேரமாக முனைவர் பட்ட ஆய்வு செய்கிறேன். 1980களிலும் 90களிலும் மாதாமாதம் மலிவு விலையில் வந்த மாத நாவல்களை எடுத்திருக்கிறேன், முக்கியமாகத் துப்பறியும் கதைகளும் குடும்பக் காதல் கதைகளும். நெறியாளர் சம்மதித்துவிட்டார். ஆனால் என் ஆய்வுக் குழுவில் இருக்கும் ஒருவர், "பஸ்ஸில் படித்துவிட்டு சீட்டிலேயே விட்டுப் போகிற புத்தகத்தில் ஆராய என்ன இருக்கிறது?" என்று கேட்டார். கோபம் வந்தது. ஆனால் அதற்குப் பதில் சொல்லத் தெரியாமல் இந்த வேலையைச் செய்யவும் முடியாது.

இந்தத் துறையில் வந்த பழைய ஆய்வேடுகளைப் புரட்டிப் பார்த்தேன். இன்னார் நாவல்களில் சமுதாயச் சிந்தனைகள், இன்னார் படைப்புகளில் பெண்கள் நிலை என்றுதான் தலைப்புகள். ஆசிரியர் வரலாறு ஓர் இயல், கதைச் சுருக்கம் ஓர் இயல், உவமையும் வருணனையும் ஓர் இயல், அப்புறம் முடிவுரை. கொலைகாரன் பிடிபடுகிறான், ஆகவே அறம் வெல்லும் என்கிறார் ஆசிரியர் என்று எழுதி முடித்துவிடுகிறார்கள். ராத்திரி கண் விழித்து அந்தக் கதையைப் படித்தவர்கள் யாரும் அறம் வெல்லுமா என்று பார்க்கப் படிக்கவில்லை. எதற்குப் படித்தார்கள், எப்படிப் படித்தார்கள் என்பதுதான் எனக்கு வேண்டும். அதை எங்கிருந்து பிடிப்பது?

பவானி வாத்தியார்:
அம்மிணி, மனம் நோகாமல் கேட்டுக்கொள். முப்பது வருடத்துக்கு மேல் தமிழ் நடத்தியவன் சொல்கிறேன். கொங்கு நாட்டில் ஆராயப்படாமல் கிடப்பது எவ்வளவு! கொங்கு நாட்டின் சிறப்பைப் பாடும் கார்மேகக் கவிஞரின் கொங்கு மண்டல சதகத்தை இன்று எத்தனை பேர் முழுதாகப் படித்திருக்கிறார்கள்? ஆர். சண்முகசுந்தரம் 1942 இல் நாகம்மாள் நாவலை எழுதினார். இந்த மண்ணின் பேச்சை நாவலுக்குள் அப்படிக் கொண்டுவந்தவரைப் பற்றி இன்னும் எழுத வேண்டியது நிறைய உண்டு. ஓர் ஆய்வாளருக்கு இருக்கும் காலம் கொஞ்சம். அதை வாரக்கணக்கில் எழுதித் தள்ளிய கதைகளுக்குச் செலவழிக்க வேண்டுமா?

அந்தக் கதைகளைப் படிக்கக்கூடாது என்று நான் சொல்லவில்லை. உன் ஆய்வேட்டை வாசித்து முடிப்பவருக்கு அதற்கு முன் தெரியாத எது தெரியவரும்? அதை ஒரு வரியில் சொல்லிவிட்டு ஆரம்பி.

உக்கடம் பழைய புத்தகம்:
வாத்தியார் ஐயா கேட்டது சரியான கேள்வி. அதற்கு நான் பதில் சொல்ல முடியாதுங்க, படித்தவர்கள் சொல்லட்டும். நான் சரக்கு நிலவரத்தை மட்டும் சொல்கிறேன்.

வீட்டைக் காலி செய்கிறவர்கள் மூட்டையாகக் கொண்டுவந்து போடுவார்கள். பள்ளிப் புத்தகம், ஆன்மிகம், அகராதி எல்லாம் விலை போகும். மாத நாவலை எடைக்குத்தான் போடுவோம். செய்தித்தாள் காகிதம், மரத்தில் இருக்கிற லிக்னின் என்ற பொருளைப் பிரிக்காமலே அரைத்துச் செய்வது. அதனால் வெயில் பட்டால் மஞ்சளாகும், அப்புறம் பழுப்பு, அப்புறம் மடித்த இடத்தில் ஒடியும். முதுகில் அடித்திருக்கும் இரண்டு பின்னும் துருப்பிடித்து, அந்தத் துரு காகிதத்தையும் தின்றுவிடும். அட்டை மட்டும் வழவழப்பான தாள் என்பதால் தப்பிக்கும். அட்டை இருக்கும் உள்ளே கதை இருக்காது, கதை இருக்கும் அட்டை இருக்காது. இரண்டும் சேர்ந்து கிடைத்தால் எடுத்து வைத்துவிடுங்கள்.

இன்னொன்று. மாத நாவலில் பதிப்பு விவரத்தை நம்பாதீர்கள். பழைய கதையையே புது அட்டை போட்டு, சில நேரம் தலைப்பையும் மாற்றி மறுபடி வெளியிடுவார்கள். உள்ளே இருக்கிற விளம்பரத்தையும் பின்பக்க விலையையும் வைத்துத்தான் வருடத்தைக் கண்டுபிடிக்க வேண்டும்.

என் கண்ணில் பட்டதில் அருமையானது வீட்டில் பைண்டு செய்த தொடர்கதைதான். வார இதழிலிருந்து பக்கங்களைக் கிழித்து, வரிசையாக அடுக்கி, காலிகோ துணி போட்டுக் கட்டியிருப்பார்கள். ஒன்றில் முதல் பக்கத்தில் அந்தம்மா தன் கையால் அத்தியாயம் வாரியாகப் பட்டியல் எழுதியிருந்தார். ஒரு வாரம் இதழ் கிடைக்கவில்லை போல, அந்த அத்தியாயத்துக்கு வேண்டிய கதையை யாரிடமோ கேட்டு ஒரு நோட்டுத் தாளில் எழுதி நடுவில் ஒட்டியிருந்தார். அதை நான் விற்கவில்லை.

நொய்யல் மாணவி:
அண்ணா, அந்த நோட்டுத் தாளைப் பற்றியே ஓர் இயல் எழுதலாம். தயவுசெய்து ஒரு படம் எடுத்து அனுப்புங்கள்.

ஐயா, ஒரு வரியில் சொல்லிப் பார்க்கிறேன். கொங்கு நாட்டில் ஆலையும் பனியன் கம்பெனியும் வேலை கொடுத்த முதல் தலைமுறை வாசகர்கள், பள்ளிப் பாடத்தைத் தவிர வேறு எதைப் படித்து வாசகர்கள் ஆனார்கள் என்பது. அது எந்த நூலக ஏட்டிலும் இல்லை. அந்தத் தலைமுறை இப்போது ஐம்பது, அறுபது வயதில் இருக்கிறது. சதகம் இன்னும் நூறு வருடம் காத்திருக்கும், இவர்கள் நினைவு காத்திருக்காது.

காங்கயத்துக்காரன்:
நான் நாட்டார் வழக்காற்றியல் படித்தவன். இந்தக் கேள்விக்கு நம் மண்ணிலேயே ஒரு முன்மாதிரி இருக்கிறது.

1965 இல் பிரெண்டா பெக் என்ற மானிடவியலாளர் காங்கயம் பக்கம் ஓலப்பாளையத்தில் தங்கி, பொன்னர், சங்கர் என்ற சகோதரர்களின் கதையான அண்ணன்மார் சாமி கதையை உடுக்கடித்துப் பல இரவுகள் பாடக் கேட்டு ஒலிப்பதிவு செய்தார். அதே பாடகரை உட்கார வைத்து, கூட்டம் இல்லாமல், எழுத்துக்காகவும் அந்தக் கதையைச் சொல்ல வைத்தார். இரண்டையும் பக்கத்தில் வைத்து ஒப்பிட்டு 1982 இல் ஒரு புத்தகம் எழுதினார். ஒரே ஆள், ஒரே கதை. ஆனால் கூட்டத்துக்கு முன் பாடியதும் எழுத்துக்குச் சொன்னதும் ஒன்றாக இல்லை. கதை என்பது ஏட்டில் இருப்பது மட்டும் இல்லை, கேட்கிறவர்கள் எதிரில் உட்காரும்போது அது வேறாகிறது என்று அந்த ஒப்பீடு காட்டியது.

அதுவரை பண்டிதர்கள் இந்தக் கதையைப் பாமரர் பாட்டு என்று ஒதுக்கி வைத்திருந்தார்கள். இன்று மாத நாவலைப் பற்றிச் சொல்வதெல்லாம் அன்று இதைப் பற்றியும் சொன்னதுதான். ஒரே மாதிரி இருக்கிறது, திரும்பத் திரும்ப வருகிறது, முடிவு முன்பே தெரியும், மொழி எளிது என்றார்கள். பொன்னரும் சங்கரும் படுகளத்தில் சாகப்போவது கூட்டத்தில் குழந்தைக்குக்கூடத் தெரியும். தெரிந்தும் அந்த இடம் வரும்போது பெண்கள் அழுகிறார்கள், ஆட்களுக்கு அருள் வந்து விழுகிறார்கள், பொன்னர் சங்கரின் தங்கையான தங்காள் தண்ணீர் தெளித்து எழுப்ப வேண்டியிருக்கிறது. முடிவு தெரிந்திருப்பது கதைக்குக் குறை அல்ல. கேட்பவனும் சொல்பவனும் செய்துகொண்ட ஒப்பந்தம் அது. துப்பறியும் நாவல் வாங்குகிறவனும் அப்படித்தான், கொலைகாரன் யார் என்று தெரியாவிட்டாலும் கடைசிப் பக்கத்தில் தெரிந்துவிடும் என்ற உறுதியோடுதான் காசு கொடுக்கிறான். அந்த உறுதிக்குள் எழுத்தாளர் எவ்வளவு தூரம் விளையாடுகிறார் என்பதுதான் அவர் திறமை. நம் கோவைக்காரர் ராஜேஷ்குமாரையே எடுத்துக்கொள்ளுங்கள். அவருடைய துப்பறிவாளர் விவேக்கும் மனைவி ரூபலாவும் வருவார்கள், முடிச்சு அவிழும் என்று வாசகருக்குத் தெரியும். அதனால்தான் சம்பந்தமே இல்லாத இரண்டு கதைகளை ஒன்று விட்டு ஓர் அத்தியாயமாக ஓட்டி, கடைசியில் சேர்க்கிறார். இரண்டும் எங்கே முட்டும் என்று தேடுவதுதான் அங்கே வாசகரின் வேலை. ஆயிரத்தைந்நூறு நாவல்களைத் தாண்டிய ஒருவர் அந்த ஒப்பந்தத்தை எத்தனை விதமாகப் புதுப்பித்தார் என்று யாராவது உட்கார்ந்து பார்த்தார்களா?

பவானி வாத்தியார்:
தம்பி, ஒப்பிட்ட விதம் நன்றாக இருக்கிறது, ஆனால் ஒன்றை விட்டுவிட்டாய். அண்ணன்மார் கதை சாமி கதை. அண்ணன்மார் கோயில் இருக்கும் வீரப்பூருக்குப் போகிறவன் வேண்டுதலோடு போகிறான். கூட்டம் ஊராக உட்கார்ந்து கேட்கிறது. மாத நாவல் பஸ் ஸ்டாண்டு பெட்டிக்கடையில் கிளிப் போட்டுத் தொங்குவது. வாங்குகிறவன் தனி ஆள், விற்கிறவன் வியாபாரி. அங்கே ஊர் எங்கே இருக்கிறது?

உக்கடம் பழைய புத்தகம்:
ஐயா, பெண்கள் கேட்டு அழுத நல்லதங்காள் கதையைப் பெரிய எழுத்துப் புத்தகமாகச் சந்தையில் விற்றார்களே, அதுவும் வியாபாரிதான் அச்சடித்தது. காசு கை மாறியதால் அழுகை பொய்யாகிவிடவில்லைங்களே.

அவிநாசி அக்கா:
நான் ஆய்வெல்லாம் படித்ததில்லைங்க. பத்தாவதோடு நிறுத்தி பனியன் கம்பெனிக்குப் போனவள். வாத்தியார் ஐயா ஊர் எங்கே என்று கேட்டதால் எழுதுகிறேன்.

தொண்ணூறுகளில் நான் துணியைச் சரிபார்க்கிற செக்கிங் டேபிளில் இருந்தேன். எங்கள் வரிசையில் யாராவது ஒருத்திதான் நாவல் வாங்கி வருவாள். முழுதாக ஒருத்தி படித்து முடிக்கும் வரை மற்றவர்கள் பொறுக்க மாட்டோம். அதனால் பின்னைக் கழற்றிப் புத்தகத்தை மூன்றாகப் பிரிப்போம். நடுத் தாளில் நெம்பினால் கிழியாமல் வரும். முதல் பங்கு ஒருத்திக்கு, அவள் முடித்ததும் அடுத்தவளுக்கு. முன்னால் படித்தவள் வாய் திறக்கக்கூடாது என்று கட்டுப்பாடு. திறந்தால் அடுத்த நாவல் அவளுக்குக் கடைசியில்தான். சூப்பர்வைசர் வந்தால் வேஸ்ட் துணிக்கு அடியில் போய்விடும். டீ டைமில் எடுத்து நின்றுகொண்டே படிப்போம். சீசன் நேரத்தில் நைட் ஓடும்போது தூக்கம் வராமல் இருக்க அதுதான் உதவும்.

படிக்கத் தெரியாதவர்களும் எங்களோடு இருந்தார்கள். அவர்களுக்கு ஞாயிற்றுக்கிழமை நாங்கள் குடியிருந்த வரிசை வீடுகளில், லைன் வீட்டு வாசலில் தலை வாரிவிட்டுக்கொண்டே ஒருத்தி சத்தமாகப் படிப்பாள். நல்ல குரல் அவளுக்கு. மாமியார் பேசுவதை மாமியார் மாதிரியே படிப்பாள். கேட்கிறவர்கள் நடுவில் திட்டுவார்கள், "அவ கிட்ட ஏம்மா சொன்னே" என்று கதாநாயகியைக் கடிந்துகொள்வார்கள். துப்பறியும் கதை என்றால் இவன்தான், இல்லை அவன்தான் என்று பந்தயமே நடக்கும். தர்மபுரி, மதுரை, தேனிப் பக்கமிருந்து வந்த பிள்ளைகள் பாதிக்குப் பாதி. ஒருத்தருக்கொருத்தர் பேசிப் பழக அந்தக் கதைதான் முதல் சாக்கு. எங்களுக்கு ஊர் அங்கேதான் இருந்ததுங்க ஐயா.

ஈரோட்டு ஆங்கிலம்:
அக்கா எழுதியதை இரண்டு முறை படித்தேன். நொய்யல், இந்தப் பதிவை உங்கள் முதல் தரவாக எடுத்து வையுங்கள். ஏன் என்று சொல்கிறேன்.

ஆ. இரா. வேங்கடாசலபதியின் நாவலும் வாசிப்பும் என்ற நூலை அவசியம் படியுங்கள், 2002 இல் வந்தது. தமிழில் முதல் நாவல் அச்சானது 1879 இல். அதன் பிறகு இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் துப்பறியும் நாவல்கள் பெருகின, ஜே. ஆர். ரங்கராஜுவும் வடுவூர் துரைசாமி ஐயங்காரும் அவற்றில் பெயர் பெற்றார்கள். வை. மு. கோதைநாயகி 1925 முதல் ஜகன்மோகினி இதழை நடத்தி நூற்றுக்கும் மேல் நாவல்கள் எழுதினார். நாவல் படித்தால் பெண்கள் கெட்டுப்போவார்கள் என்ற கவலையும் அப்போதே உண்டு. கூடி உட்கார்ந்து ஒருவர் உரக்கப் படிக்க மற்றவர்கள் கேட்பது மாறி, தனியே மௌனமாகப் படிக்கும் பழக்கம் நாவலோடு சேர்ந்து எப்படி வளர்ந்தது என்று வேங்கடாசலபதி காட்டுகிறார். நடுத்தர வர்க்கத்தை வைத்துப் பார்த்தால் அது சரி. ஆனால் அக்காவின் லைன் வீட்டு வாசலில் அந்தக் கூட்டு வாசிப்பு 1990களில்கூட உயிரோடு இருந்திருக்கிறது, அதுவும் அச்சிட்ட மாத நாவலை வைத்துக்கொண்டு. இதை ஆவணப்படுத்தினால் வாசிப்பு வரலாற்றில் ஒரு பக்கம் நீளும். குழுவில் கேட்ட கேள்விக்கு இதைவிட நல்ல பதில் இல்லை.

இரண்டாவது, ஜானிஸ் ராட்வே. அமெரிக்காவில் ஓர் ஊரில், ஒரே புத்தகக் கடைக்கு வந்து காதல் நாவல் வாங்கும் பெண்களிடம் பேசி 1984 இல் ஒரு நூல் எழுதினார். அவர்கள் கதையைப் பற்றிச் சொன்னதைவிடப் படிக்கும் நேரத்தைப் பற்றி அதிகம் சொன்னார்கள். புத்தகத்தைக் கையில் எடுத்தால் அந்த நேரம் என்னுடையது, கணவரும் பிள்ளைகளும் அப்போது என்னைக் கூப்பிடக்கூடாது என்றார்கள். ஆனால் அந்தக் கதைகள் சொல்வதோ குடும்பத்துக்குள் அடங்கிப் போவதைத்தான். படிக்கும் செயல் ஒரு பக்கம் இழுக்கிறது, படிக்கப்படும் கதை இன்னொரு பக்கம் இழுக்கிறது. அந்த இழுபறியை மறைக்காமல் எழுதியதால்தான் நாற்பது வருடம் கழித்தும் அதைப் படிக்கிறோம்.

அப்படியே இங்கே பொருத்த வேண்டாம். அவர் பேசியவர்கள் பெரும்பாலும் வீட்டில் தனியே படித்தவர்கள். நம் அக்காக்கள் சம்பளம் வாங்கிக்கொண்டு கூட்டமாகப் படித்தவர்கள். வித்தியாசம் அங்கே தொடங்குகிறது.

அவிநாசி அக்கா:
அடங்கிப் போகச் சொல்கிற கதை என்று எழுதியிருக்கிறீர்களே, அதற்கு ஒன்று சொல்ல வேண்டும். பிடிக்காத கல்யாணம் நடக்கும், அவன் முரடனாக இருப்பான், அடிக்கக்கூட அடிப்பான், கடைசியில் திருந்துவான். நிஜத்தில் திருந்த மாட்டான் என்று எங்களுக்குத் தெரியாதுங்களா? அடிக்கிற பக்கம் வந்தால் வாசித்துக் காட்டுகிறவள் தாண்டிப் போய்விடுவாள். எங்களுக்கு வேண்டியது அவன் மன்னிப்புக் கேட்கிற பக்கம். அதை இரண்டு தடவை படிக்கச் சொல்வோம். எங்கள் வீடுகளில் எந்த ஆண்பிள்ளையும் அப்படிக் கேட்டதில்லை.

நொய்யல் மாணவி:
அக்கா, எந்தப் பக்கத்தைத் தாண்டினார்கள், எந்தப் பக்கத்தை இரண்டு முறை படித்தார்கள் என்பது எந்த ஆய்வேட்டிலும் இல்லை. அச்சில் இருக்கும் கதையை மட்டும் வைத்து "பெண்ணடிமைத்தனத்தை வலியுறுத்துகிறது" என்று எழுதினால் வாசலில் கேட்ட கதை அதில் வராது. வலியுறுத்தவில்லை என்றும் எழுதிவிட முடியாது, அடிக்கிற பக்கம் அச்சில் இருக்கத்தான் செய்கிறது, தனியாகப் படித்த பெண் அதைத் தாண்டியிருக்க மாட்டாள். இரண்டையும் எழுதுவேன்.

பவானி வாத்தியார்:
அவிநாசி அம்மிணிக்கு நன்றி. ஊர் எங்கே என்று கேட்டேன், காட்டிவிட்டாய். நொய்யல், வாசகர் வரலாறாகச் செய், நான் முழுக்க உன் பக்கம். ஆனால் வாசித்தவர்கள் நல்லவர்கள் என்பதால் வாசித்த எழுத்தும் நல்லது என்று எழுதிவிடாதே. சரக்கை எடை போட வேண்டிய இடத்தில் போடத்தான் வேண்டும்.

எனக்கு ஒரு சந்தேகம் உண்டு, அதையும் சேர்த்துப் பார். நான் படித்த வரையில், கோவையில் நடக்கும் துப்பறியும் கதைகளில் ஆர். எஸ். புரம் வரும், காந்திபுரம் வரும், அவிநாசி ரோடு வரும். தெருவெல்லாம் நம் தெரு. ஆனால் அந்தத் தெருவில் யாரும் "ஏனுங்க" என்று பேசுவதில்லை. 1942 இல் நாவலுக்குள் வந்த கொங்குப் பேச்சு, நாடெல்லாம் விற்ற கதைகளில் ஏன் காணாமல் போனது? மதுரைக்காரனும் வாங்க வேண்டும் என்பதாலா? இல்லை, துப்பறிவாளன் என்றாலே ஊர் அடையாளம் இல்லாத ஆளாக இருக்க வேண்டுமா? அப்படிப் பார்த்தால் உன் நாவல்களையும் சண்முகசுந்தரத்தையும் ஒரே இயலில் வைக்கலாம்.

ஈரோட்டு ஆங்கிலம்:
அருமையான கேள்வி, ஐயா. அதற்கு நிறைய நாவல்களை வரிசையாகப் படித்தாக வேண்டும், நல்லதாக நான்கு பொறுக்கினால் போதாது. ஃபிராங்கோ மொரெட்டி என்பவர் ஷெர்லாக் ஹோம்ஸ் காலத்துத் துப்பறியும் கதைகளில், இன்று யாரும் படிக்காதவற்றையும் சேர்த்து எடுத்து, எதில் தடயம் இருக்கிறது, எதில் இல்லை, வாசகர் கண்டுபிடிக்கும்படி இருக்கிறதா என்று பார்த்து 2000 இல் ஒரு கட்டுரை எழுதினார். மறக்கப்பட்ட கதைகளையும் பார்த்ததால்தான் ஒரு வடிவம் எப்படி நிலைத்தது என்று சொல்ல முடிந்தது. அதே மாதிரி உரையாடல்களில் வட்டார வழக்கு எங்கே வருகிறது, யார் வாயில் வருகிறது என்று குறித்துக்கொண்டே போகலாம். என் ஊகம், வேலைக்காரர், வாட்ச்மேன், சாட்சி சொல்லும் கிழவி ஆகியோர் வாயில் மட்டும் வரும். ஊகம்தான், பார்த்துவிட்டுச் சொல்லுங்கள்.

நொய்யல் மாணவி:
பார்க்கிறேன் சார். ஆனால் அதற்குப் புத்தகங்கள் வேண்டுமே. பொது நூலகங்களில் மாத நாவல் அவ்வளவாக இல்லை.

உக்கடம் பழைய புத்தகம்:
சென்னையில் ரோஜா முத்தையா நூலகத்துக்குப் போங்கள். கோட்டையூரில் ஒரு தனி மனிதர் நோட்டீஸ், பாட்டுப் புத்தகம், நாடக விளம்பரம் என்று எல்லோரும் எறிந்ததைச் சேர்த்து வைத்தார். அவர் போன பிறகு சிகாகோ பல்கலைக்கழகம் அதை வாங்கியது, 1994 இல் நூலகமாயிற்று. பழைய துப்பறியும் நாவல்கள் அங்கே உண்டு. 80, 90களுக்கு இங்கேயே தேட வேண்டும். நான் எடைக்குப் போடுவதை நிறுத்தி வைக்கிறேன், வந்து பிரித்துக்கொள்ளுங்கள். துருப்பிடித்த பின்னைக் கழற்றி நூலால் தைக்க வேண்டும், செல்லோ டேப் மட்டும் ஒட்டாதீர்கள், பசை ஊறிக் கறையாகிவிடும். ஸ்கேன் எடுத்தால் உங்கள் ஆய்வுக்கு வைத்துக்கொள்ளுங்கள், இணையத்தில் போடாதீர்கள். எழுத்தாளர் மறைந்து 60 வருடம் வரை உரிமை உண்டு, இவர்களில் பலர் நம்மோடு இருக்கிறார்கள்.

காங்கயத்துக்காரன்:
இன்னொன்று, காகிதம். கரூர் பக்கம் புகளூர் ஆலை 1984 இல் கரும்புச் சக்கையிலிருந்து காகிதம் செய்ய ஆரம்பித்தது, செய்தித்தாள் காகிதமும் செய்தது. மாத நாவல்கள் கொடிகட்டிப் பறந்ததும் அதே பத்தாண்டு. இரண்டுக்கும் தொடர்பு உண்டா என்று அச்சகக்காரர்களிடம் கேளுங்கள். இல்லை என்று வந்தாலும் விலை எப்படி அவ்வளவு குறைவாக இருந்தது என்பது தெரியவரும்.

நொய்யல் மாணவி:
நேர்காணலுக்குக் கேள்விகள் எழுதியிருக்கிறேன். எந்த எழுத்தாளரைப் பிடிக்கும், ஏன் படித்தீர்கள், கதைகள் உங்கள் வாழ்க்கையை மாற்றினவா. அக்கா, இதில் எது சரியில்லை என்று சொல்லுங்கள். பெயரையும் கம்பெனிப் பெயரையும் எழுத மாட்டேன் என்று முதலிலேயே சொல்லிவிடுவேன்.

அவிநாசி அக்கா:
ஏன் படித்தீர்கள் என்று கேட்டால் எல்லோரும் பொழுதுபோக்கு என்று சொல்லி முடித்துவிடுவார்கள் கண்ணு. எங்கே உட்கார்ந்து படித்தீர்கள், புத்தகம் யார் வாங்கினது, எங்கே ஒளித்து வைத்தீர்கள் என்று கேள். வாழ்க்கை மாறியதா என்று கேட்காதே, பயந்துகொள்வார்கள். ஒவ்வொருத்தராக உட்கார வைக்காதே, இரண்டு மூன்று பேரைச் சேர்த்துப் பேச வை. ஒருத்தி மறந்ததை இன்னொருத்தி எடுத்துக் கொடுப்பாள். கையில் ஒரு பழைய நாவலைக் கொண்டு வா, அட்டையைப் பார்த்தாலே பேச ஆரம்பித்துவிடுவார்கள். வாசலில் வாசித்துக் காட்டியவள் இப்போது பல்லடத்தில் மகன் வீட்டில் இருக்கிறாள். அவளிடம் போனில் சொல்லிவிட்டேன், ஞாயிற்றுக்கிழமை மதியம் சோறு ஆனதும் வரச் சொன்னாள்.